சேற்றால் உயர்ந்த ஊர்

கொட்டிவாக்கத்தில் எங்கள் தெருவில் மழைநீர் வடிகாலைத் தூர் வாருகிறார்கள். அள்ளிய கருஞ்சேற்றைத் தெரு ஓரமாகக் குவித்து வைத்திருக்கிறார்கள். லாரி வரும்வரை அது அங்கேதான் கிடக்கும். காலையில் பால் வாங்கப் போனபோது எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டு தாண்டிப் போனார்கள். நான் நின்றுவிட்டேன். குவியலின் ஒரு பக்கம் வெயில் பட்டு வெளுத்து, விரிசல் விட்டிருந்தது. செருப்புக் காலால் மெல்ல அழுத்திப் பார்த்தேன். கெட்டியாக இருந்தது. உடனே உன்னிடம் சொல்ல வேண்டும் போலிருந்தது. கைப்பேசியை எடுத்த பிறகுதான் நீ இல்லை என்பது நினைவுக்கு வந்தது. அதனால் வீட்டுக்கு வந்து இதை எழுதுகிறேன்.

தரமணியில் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்த்தோம். ஆட்குறைப்பு என்று நம் இருவரையும் ஒரே நாளில் வீட்டுக்கு அனுப்பினார்கள். பறக்கும் ரயில் நிலையத்துப் படியில் நான் உட்கார்ந்துவிட்டேன். தி.நகரில் பாத்திரக்கடை வைத்திருக்கும் அப்பாவுக்குத் தெரிந்தால், மறுநாளே திருநெல்வேலியிலிருந்து ஜாதகங்கள் வந்து இறங்கும். நீ என் கையைப் பிடித்துத் தூக்கினாய்.

"இன்னாடி மூஞ்சி இது? செத்தா போய்ட்டோம்? வா, டீ குடிச்சிட்டு யோசிக்கலாம்."

டீ குடித்தோம். யோசிக்கவில்லை. மறுநாள் நீ ராயப்பேட்டையிலிருந்து பஸ் பிடித்து என் வீட்டுக்கு வந்து, கணினியில் ஒரு விளையாட்டை ஏற்றினாய். ஆறு கடலில் கலக்கும் இடத்தில் ஒரு தீவு. அதில் நாம் இருவரும் சேர்ந்து ஊர் கட்டி, மக்களைக் குடியேற்றி, அவர்களுக்குச் சோறும் வேலையும் கொடுத்து நடத்த வேண்டும். மரம் கொஞ்சம் கிடைக்கும். கல் எப்போதாவது கப்பலில் வரும். கணக்கில்லாமல் கிடைப்பது சேறு ஒன்றுதான். ஒவ்வொரு மழைக்கும் ஆறு கரைமீறி வந்து, வற்றும்போது தெருவெல்லாம் சேற்றை விட்டுப்போகும். சேற்றில் வண்டி சிக்கும், பிள்ளைகளுக்குக் காய்ச்சல் வரும். அதனால் எல்லோரும் செய்வதையே நானும் செய்தேன். ஆட்களை வைத்து வாரி, ஊருக்கு வெளியே குப்பைக்கிடங்கில் கொட்டினேன். மிச்ச நேரமெல்லாம் கல்லுக்காகக் காத்திருந்து சுவர் எழுப்பினேன். பெருவெள்ளம் ஒன்று வரும். சுவர் ஓரிடத்தில் விட்டுக்கொடுக்கும். அவ்வளவுதான், ஊர் போய்விடும். எத்தனை முறை கட்டினாலும் இதே முடிவு.

உன் வீட்டில் இதையெல்லாம் ரசிக்கவில்லை. ஜரிகை வேலை செய்யும் உன் அண்ணன் ஒருநாள் போனில் கத்தியது எனக்கே கேட்டது. "வேல போச்சு, கல்யாணமும் வேணாங்கற. பொம்ம ஊரு கட்டிக்கினு கீற. இது சோறு போடுமா?" நீ போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு ஆட்டத்தைத் தொடர்ந்தாய். உன் காதுமடல் மட்டும் சிவந்திருந்தது.

அன்று நீ எதையும் கட்டவில்லை. என்னைக் கட்டச் சொல்லிவிட்டு, சேறு சுமக்கும் ஒரே ஒரு கூலியாளைத் தேர்ந்தெடுத்து அவன் பின்னாலேயே போனாய். அவன் கூடையை நிரப்புகிறான், நடக்கிறான், கொட்டுகிறான், திரும்புகிறான். பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சல் வந்தது. நீ கன்னத்தில் கை வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தாய். திடீரென்று என் தோளை உலுக்கினாய்.

"அவன் கால பாருடி!"

"காலுக்கு என்ன?"

"மொத தபா வந்தப்போ கெடங்கு வேலி அவன் இடுப்புக்கு இருந்துது. இப்ப முட்டிக்குத்தான் கீது. வேலி எறங்கல. தரை ஏறிக்கினு கீது!"

நான் கண்ணை இடுக்கிப் பார்த்தேன். ஆமாம். கொட்டக் கொட்டக் கிடங்கின் நிலம் கொஞ்சம் கொஞ்சமாக உயர்ந்துகொண்டிருந்தது. ஊருக்கு வெளியே இருந்ததால் அதை யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். நீ உடனே ஒரு குப்பைக்கிடங்கை எடுத்து, ஊருக்கு நட்டநடுவில், சந்தைக்குப் பக்கத்துக் காலி மனையில் வைத்தாய். எனக்கு உன் புத்தி மேல் சந்தேகமே வந்துவிட்டது.

அதன் பிறகு நடந்ததை என்னால் மறக்க முடியாது. அந்த மனை உயர்ந்தது. கிடங்கை எடுத்துவிட்டு மேட்டின் மேல் வீடு கட்டினாய். கிடங்கை அடுத்த மனைக்கு நகர்த்தினாய். வரிசை வரிசையாக ஊர் எழுந்தது. நாம் துரத்திக்கொண்டிருந்த சேற்றின் மேலேயே ஊர் ஏறி நின்றது.

அடுத்த மாதம் அடையாறில் ஒரு போட்டி வைத்தார்கள். அந்த விளையாட்டை உருவாக்கியவர்கள் நம்ம ஊர்க்காரர்களே என்பது அப்போதுதான் தெரிந்தது. நன்றாக ஆடுகிறவர்களை வேலைக்கு எடுப்போம் என்று சொல்லியிருந்தார்கள். உன் அண்ணனிடம் நீ, "இது ஒண்ணு மட்டும் போய்ட்டு வரேன். கெடைக்கலன்னா நீ சொல்ற எடத்துல வேலைக்குப் போறேன்" என்று வாக்குக் கொடுத்துவிட்டு வந்திருந்தாய். அதைப் பஸ்ஸில்தான் என்னிடம் சொன்னாய்.

மாடியில் ஒரு நீளமான அறை. வரிசையாகக் கணினிகள், ஜோடி ஜோடியாக ஆட்கள். நம்மைத் தவிர எல்லோரும் பையன்கள். நமக்குக் கொடுத்த தீவில் கல் மிகவும் குறைவு. எல்லோரும் கப்பலுக்கு அடித்துக்கொண்டார்கள். நீ கப்பல் பக்கமே போகவில்லை. கிடங்குகளை ஊருக்குள் வைத்தாய். நாற்றம் தாங்காமல் மக்களின் மகிழ்ச்சி சரிந்தது. சில குடும்பங்கள் மூட்டை கட்டிக்கொண்டு படகேறின. சுவரில் தொங்கிய பெரிய திரையில் நம் பெயர்கள் கீழே போய்க்கொண்டே இருந்தன.

"ஊரே காலியாகுதுடி," என்றேன்.

"போறவங்க போவட்டும். இருக்கறவங்கள மேல ஏத்தணும். நீ சேறு அள்ற வண்டிய மட்டும் நிறுத்தாத."

வண்டியை நான் நிறுத்தவில்லை. இரண்டு வரிசை உயர்ந்தது, மூன்றாவது பாதியில் நின்றது. ஆனால் வரிசைகளுக்கு நடுவே இருந்த சந்துகளை மட்டும் நீ உயர்த்தவேயில்லை. ஏன் என்று கேட்க எனக்கு நேரமில்லை. அறைக்குள் மழைச் சத்தம் கேட்டது. எல்லாத் திரைகளிலும் ஒரே நேரத்தில் மழை.

பெருவெள்ளம் வந்தது. பக்கத்துப் பையன்களின் சுவர் அழகாகத்தான் இருந்தது. நீர் அதன் மேல்விளிம்பைத் தொட்டது, ஓரிடத்தில் உடைந்தது, ஊர் மூழ்கியது. "போச்சு மச்சி!" என்று ஒருவன் தலையில் கை வைத்தான். அறை முழுக்க அதே சத்தம். நம் திரையில் தண்ணீர் ஊருக்குள் நுழைந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

"கண்ணத் தொறடி," என்றாய், மிக மெதுவாக.

திறந்தேன். தாழ்வாக விட்ட சந்துகள் வழியே தண்ணீர் பழுப்பு நிறத்தில் ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு பக்கமும் மேட்டின் மேல் வீடுகள் அப்படியே நின்றன. கூரைகளில் புகை வந்துகொண்டிருந்தது. யாரோ சமைத்துக்கொண்டிருந்தார்கள். ஒரு சின்ன உருவம் வாசலில் நின்று, கால் நனையாமல், ஓடும் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தது. உயராத மூன்றாவது வரிசையில் பாதி வீடுகள் போய்விட்டன. மற்றதெல்லாம் பிழைத்தது. எனக்கு உடம்பு சிலிர்த்தது. இன்றும் எழுதும்போது சிலிர்க்கிறது.

முதல் பரிசு நமக்கு இல்லை. புள்ளிகளை மக்கள்தொகைக்கும் மகிழ்ச்சிக்கும் கொடுத்தார்கள், நமக்கு இரண்டுமே குறைவு. ஆனால் ஊர் போன பையன்கள் ஒவ்வொருவராக எழுந்து வந்து நம் முதுகுக்குப் பின்னால் நின்றார்கள். "அக்கா, கல்லே இல்லியே. எப்டிக்கா நிக்கிது?" என்று ஒருவன் கேட்டான். "சேறுப்பா. வெறும் சேறு," என்று சொல்லிவிட்டு, உன் பல்வரிசை முழுக்கத் தெரிகிற அந்தச் சிரிப்பைச் சிரித்தாய். அந்தத் தீவை வரைந்த பெண்ணும் கூட்டத்தில் நின்றிருந்தாள். "தரை உயரட்டும்னு நாங்க வெச்சது பார்க்க நல்லா இருக்கட்டும்னுதான். இப்படி ஒரு வழி அதுல இருக்கும்னு எங்களுக்கே தெரியாது," என்றாள். அடுத்த வாரம் உன்னை வேலைக்குக் கூப்பிட்டார்கள். என்னைக் கூப்பிடவில்லை. நான் வேறொரு அலுவலகத்தில் சேர்ந்தேன். அதில் எனக்கு வருத்தம் இருந்ததில்லை. அன்று உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன், அது போதும்.

வேலைக்குப் போன புதிதில் அந்தச் சேற்று வழியை ஓட்டை என்று சொல்லி அடைக்கப் பார்த்தார்களாம். நீ சண்டை போட்டு நிறுத்தினாய். "சுவரு கட்றவன் கட்டட்டும். கல்லு கெடைக்காதவனுக்கு இது ஒண்ணாவது இருக்கட்டும்னு சொன்னேன்டி," என்றாய், பெசன்ட் நகர் கடற்கரை மணலில் சுண்டலை வாயில் போட்டுக்கொண்டே. இன்று எங்கெங்கோ முகம் தெரியாதவர்கள் ஊருக்கு நடுவே கிடங்கை வைத்து மேடு ஏற்றுகிறார்கள். அதை முதலில் பார்த்த கண்கள் யாருடையவை என்று அவர்களுக்குத் தெரியாது.

பிறகு காய்ச்சல் என்று படுத்தாய். ஒரு வாரத்துக்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அதைப் பற்றி எழுத எனக்கு இன்னும் கை வரவில்லை. உன் வீட்டுக் கூடத்தில் பெண்களோடு உட்கார்ந்திருந்தேன். உன்னைத் தூக்கிக்கொண்டு போனபோது வாசல் வரைக்கும்தான் வர முடிந்தது.

போன மாதம் ஒரு மதியம் உன் அண்ணன் வந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, எங்கே உட்காருவது என்று தெரியாமல் நின்றார். "தங்கச்சி, அவ கட்ன ஊருன்னு ஒண்ணு இருக்குமே. அத நான் ஒரு தபா பாக்கலாமா?"

நாம் கடைசியாகச் சேர்ந்து ஆடிய ஊரைத் திறந்தேன். நீ போன பிறகு நான் அதைத் தொட்டதில்லை. மரவீடுகள் நிறைந்த தெருக்கள், படித்துறை, பின்புறம் காய்ந்த வண்டலில் பச்சைப்பசேலென்று வயல். அவர் திரைக்கு மிக அருகில் குனிந்து பார்த்தார். ஊசி கோக்கும்போது குனிவது போல.

மழை வந்தது. ஆறு ஏறியது. நாற்காலிக் கைப்பிடியை அவர் இறுக்கிப் பிடித்துக்கொண்டார். "எம்மா, எதாவது அழுத்துமா! தண்ணி வருது!"

"ஒண்ணும் அழுத்த வேணாம்ண்ணா. அவ அப்படித்தான் செஞ்சு வச்சிருக்கா."

தண்ணீர் சந்துகளில் புகுந்து கடலுக்குப் போனது. வெயில் வந்தது. யாரும் சொல்லாமலே வண்டிகள் புறப்பட்டன. ஆட்கள் சேற்றை வாரினார்கள், தாழ்ந்த மனையில் கொட்டினார்கள், உயர்ந்த மனையிலிருந்து கிடங்கைப் பெயர்த்து அடுத்த மனைக்குக் கொண்டுபோனார்கள். அந்த இடத்தில் ஒரு வீடு எழுந்தது. ஒரு குடும்பம் படகிலிருந்து இறங்கி அதற்குள் போனது. இதற்கான கட்டளைகளை நீ எப்போது, எத்தனை பொறுமையாக அடுக்கி வைத்தாய் என்று எனக்கே தெரியாது. பக்கத்தில் உட்கார்ந்திருந்தும் தெரியாது.

அவர் அந்தப் புது வீட்டு வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில், "அவ இல்ல. இதுங்க பாட்டுக்கு ஏறிக்கினே கீதுங்களேம்மா," என்றார். முகத்தை முழங்கையால் துடைத்துக்கொண்டார்.

உன்னை நினைக்கும்போது துக்கம் வரத்தான் செய்கிறது. ஆனால் அது வருவதற்கு ஒரு நொடி முன்னால் ஒரு பிரமிப்பு வந்துவிடுகிறது. இப்படி ஒருத்தி என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தாளே என்று. அதை நான் எங்கே போனாலும் எடுத்துக்கொண்டுதான் போகிறேன்.

உன் அண்ணன் டீயைக் குடித்துவிட்டு எழுந்தார். வாசலில் செருப்பை மாட்டியபடி திரும்பிப் பார்த்து, "அடுத்த மழைக்கு வரேன்மா," என்றார். எந்த மழை என்று நான் கேட்கவில்லை.