கோச் ஓடக் கூடாது

அன்புள்ள லொரெட்டா,

நான் நலம். உன் முதுகுவலி தேவலையா? துணிக்கூடையைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறாதே.

ஊர் ஊராக பேஸ்பால் ஆடித் திரிந்தவனுக்கு இந்தக் கோச் வேலை இன்னும் பழகவில்லை. நேற்று, ஓடுகிறவர்கள் தொட்டுப் போகும் முதல் தளத்தின் ஓரமாக நின்று, எங்கள் ஆட்களுக்கு ஓடச் சொல்லிக் கைகாட்ட வேண்டியதுதான் என் வேலை. மட்டையில் பந்து பட்ட சத்தம் கேட்டதும் நானே இரண்டாம் தளத்துக்கு ஓட ஆரம்பித்துவிட்டேன்! மைதானமே சிரித்தது.

"யோவ் பெருசு, நீ இப்ப கோச்சுய்யா! இன்னொரு வாட்டி ஓடினே, அப்படியே வீட்டுக்கே ஓடிடு!" என்றார் மேலாளர் ஹாலிஸ். நானும் சிரித்துவைத்தேன்.

முட்டிக்குத் தைலமும் உன் பீச் ஜாமும் அனுப்பு. இங்கே ரொட்டி தனியாக இறங்க மாட்டேன் என்கிறது. பஸ் கிளம்பப்போகிறது.

நான் ஆடும்போது போட்டு ஓடிய, ஆணி வைத்த என் பழைய ஷூவை யாருக்காவது கொடுத்துவிடச் சொன்னேனே, இன்னும் கொடுக்கவில்லை என்றால் கொடுக்காதே.

உன்
டுவெய்ன்