வாசலில் நாற்பது நிமிடம்

ஜனவரி 4, சனி
லண்டனில் இருந்த ஆறு வருஷத்தில் தொற்றிய பழக்கம், டெக்சஸ் வந்தும் விடவில்லை: பிரிட்டிஷ் நையாண்டி நிகழ்ச்சி. இன்று பார்த்ததில் ஒரு தம்பதி, கிளம்புகிறோம் என்று கோட்டை மாட்டிக்கொண்டு வாசலிலேயே நின்று பேசுகிறார்கள், பேசுகிறார்கள். "இது நம்ம ராஜராணி அக்காதானே!" என்றார் என் வீட்டுக்காரர் ரங்கன். விழுந்து விழுந்து சிரித்தோம்.

தமிழ்ச் சங்கத்துப் பொங்கல் விழாவுக்கு நம்மூர்க் குறுநாடகமாக ஒன்று எழுதினால் என்ன?

ஜனவரி 5
எழுதிவிட்டேன். ஷூ போட்டுக்கொண்டு வாசலில் நாற்பது நிமிடம் பேசும் ஒரு அக்கா. சனிக்கிழமைதோறும் டீக்கு வரும் யாழ்ப்பாணத்து ராஜராணி அக்கா இங்கே செய்வதேதான். பெயர் மட்டும் வேறு.

ஜனவரி 18
ஒத்திகை. அக்காவாக நடிக்கும் பர்வதம் யாழ்ப்பாணப் பேச்சில் இழுத்தாள். நான் அப்படி எழுதவே இல்லை. தடுத்தேனா? சிரித்தேன்.

ஜனவரி 25
விழா. "இன்னொண்டு சொல்ல மறந்திட்டன்" என்று பர்வதம் திரும்பும்போதெல்லாம் கைதட்டல். மூன்றாவது வரிசையில் ராஜராணி அக்காவும் சிரித்தார். முடிந்ததும், "நல்லா எழுதியிருக்கிறீர்" என்றார்.

பிப்ரவரி 1
அக்கா வரவில்லை. தலையிடியாம்.

பிப்ரவரி 8
வந்தார். டீ குடித்தார். "அப்ப நான் வாறன்." ஷூ, கதவு, கார். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

"பரவால்லயே, இம்ப்ரூவ் ஆயிட்டாங்க!" என்றார் ரங்கன். எரிச்சலாக வந்தது. பையன் சேந்தன் காலேஜுக்குப் போனதிலிருந்து அக்கா வீட்டில் தனி. பேச்சுக்கு ஆளில்லாமல்தான் இங்கே நிற்கிறார். இது தெரியாதா எனக்கு? தெரிஞ்சுதானே எழுதினே? ச்சே, என்ன பொம்பள நான்!

பிப்ரவரி 15
இன்றும் உடனே கிளம்பிவிட்டார். வெறுங்காலோடு டிரைவ்வேக்கு ஓடிக் கார் கண்ணாடியைத் தட்டினேன்.

"அக்கா, உங்க பேச்ச நக்கல் பண்ண விட்டது என் தப்பு. மன்னிச்சிடுங்க."

நேரே முன்னால் பார்த்துக்கொண்டிருந்தார். "உம்மட கதைக்கு நானும் சிரிச்சன், ஷ்யாமளா. என்ர பேச்சுக்குச் சனம் சிரிச்சதுதான் பொறுக்கேல்லை."

அழுதுவிட்டேன்.

என்ஜினை அணைத்தார். "குளிருக்கை நிக்காதேயும். உள்ளுக்கு ஏறும்."

ஏறினேன். முதல் இருபது நிமிடம் நன்றாகத் திட்டினார். அதற்குப் பிறகு சேந்தன் கதை. நான் இறங்கி உள்ளே வந்தபோது ரங்கன் சாப்பிட்டே முடித்திருந்தார்.