ஒரு கை தூரத்தில் ஒரு முகம்

ஏப்ரல் 23, சனி

மத்தியானத்திலிருந்து மழை. துணி காயவில்லை. 'ஒன்பது மலை' இணையத் தொடரில் புது அத்தியாயம் வந்துவிட்டது!!! மூன்று தரம் வாசித்தாயிற்று.

இருட்டு நாட்டில் மந்திரக் கல்லின் வெளிச்சத்தை அளக்க ஒரு அளவு வருகிறது. பெயர்: முகம். ஒரு கை தூரத்தில் நிற்கிற ஆள் யாரென்று சொல்ல எவ்வளவு வெளிச்சம் வேண்டுமோ, அது ஒரு முகம். அவ்வளவுதான். கல்லுக்குச் சூடு இல்லை, திரி இல்லை, எண்ணெய் இல்லை. வேறெதை வைத்து அளப்பது?

மறக்காமல் இருக்க:
கால் முகம் - ஆளா, மரமா என்று தெரியும்.
அரை - ஆள்தான். யாரென்று தெரியாது.
ஒன்று - பெயர் சொல்லிக் கூப்பிடலாம்.
பத்து - அழுதிருக்கிறாளா என்று தெரியும்.

அந்தப் பத்தில் உடம்பு சிலிர்த்துவிட்டது. இதை யோசித்த மூளைக்குக் கோயிலே கட்டலாம்.

வாசகர் குழுவில் குகன் (யாழ்ப்பாணம், எல்லாவற்றிலும் பிழை பிடிப்பவன்) குரல் செய்தி: "உது ஒரு அளவே? ஆளுக்கு ஆள் கண் வேற. அளவெண்டா எல்லாருக்கும் ஒண்டா இருக்கோணும்."

பொறு. அளந்தே காட்டுகிறேன்.

ஏப்ரல் 24, ஞாயிறு

வெயில். கட்டுகஸ்தோட்டைக்கு பஸ். வெசாக் பண்டிகைக்கு விளக்குக் கூடு ஒட்டுகிற மெல்லிய வெள்ளைத் தாள் ஒரு கட்டு.

கடைக்கார நானா: "கூடு கட்டவா மகள்?"

"இல்ல நானா, வெளிச்சம் அளக்க."

"அளந்து மிச்சம் இருந்தா எங்க வீட்டுக்கும் கொஞ்சம் அனுப்புங்க. நேத்து அந்திக்கு கரண்டே இல்ல."

முறை: கரண்ட் போனதும் ஒருவர் கதிரையில் உட்கார வேண்டும். இன்னொருவர் ஒரு கை தூரத்தில் வந்து நிற்க வேண்டும். நிற்பவர் முகத்துக்கு என் ஃபோன் டோர்ச், அதன் மேல் தாள் அடுக்கு. ஒவ்வொரு தாளாக எடுப்பேன். யாரென்று சொன்னதும் நிறுத்தம். பேச்சு கூடாது. (ஃபோன்தான் மந்திரக் கல்லுக்குக் கிட்ட. ஆடாது, சுடாது.)

அம்மாவுக்கும் அக்காவுக்கும் கிட்டத்தட்ட ஒரே அளவு! அப்பா எங்களை எல்லாம் மிஞ்சிவிட்டார். டோர்ச்சைப் போடும் முன்பே, "உங்கம்மா." அடுத்தது, "மூத்தவ." எல்லாம் சரி.

"லொறி ஓட்டுற கண்ணுடி இது!" அக்கா கைதட்டினாள். குகனுக்கு உடனே அனுப்பினேன்.

அவன்: "வெளிச்சம் வர முதலே சொன்னவரே? அப்ப அவர் கண்ணால பார்க்கேல்ல."

சே. செருப்புச் சத்தம்! எங்கள் மஹய்யாவ சந்தில் யாரும் யாரையும் முகம் பார்த்து அறிவதில்லையே. வாசலில் செருப்புச் சத்தம் கேட்கும்போதே பெயர் வந்துவிடும். அம்மாவுடையது வார் தளர்ந்து டப் டப் என்று அடிக்கும்.

ஏப்ரல் 26, செவ்வாய்

மறுபடி அளவு. அக்காவின் காலில் அம்மாவின் செருப்பு. எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

அப்பா: "உங்கம்மாதான். இதுக்கொரு பரீட்சையா?"

தாள் எடுத்தேன். இன்னொன்று. அக்காவின் மூக்குத்தி மினுங்குகிறது.

"அம்மான்னு சொல்றேன்ல."

கடைசித் தாளும் போயிற்று. டோர்ச் முழுசாக அக்கா முகத்தில். அக்கா சிரித்துக்கொண்டிருந்தவள் நிறுத்தினாள்.

கரண்டியும் கையுமாகக் குசினி வாசலிலிருந்து அம்மா, "நான் இங்கன இருக்கேங்க."

அப்பா கண்ணைக் கசக்கினார்.

"தூசு," என்றார் அப்பா. "கண்ணுல தூசு." சுவரைத் தடவிக்கொண்டே எழுந்து போனார்.

ஏப்ரல் 27, புதன்

மழை. தொடரைத் திறக்க மனமில்லை.

அம்மா: "கொஞ்ச நாளா மீன்ல முள்ளு எடுத்துக் குடுன்னு கேப்பாரு. பாசம்னு நெனச்சேன், பாவி."

அக்கா: "பொழுது சாய்ற நேரத்துல கலகெதர ரோட்டுல லொறியோட வர்ற மனுஷன்மா!"

அப்பாவுக்குக் கேட்டுவிட்டது. "ரோடு எனக்குத் தெரியும். வளைவெல்லாம் கைக்கே தெரியும்."

நான்: "எதிர்ல நடந்து வர்ற ஆளு கைக்குத் தெரியுமாப்பா?"

அப்பா சோற்றுத் தட்டைத் தள்ளி வைத்தார். லொறிச் சாவி சட்டைப் பையில்தான். கையால் அதை மூடிக்கொண்டே படுத்தார்.

நான் கேட்டது சரி. ஆனாலும் கேட்டிருக்க வேண்டாம்.

நடந்ததைக் கேட்ட குகன்: "அப்பான்ர கணக்கை விட்டிட்டு மிச்சத்தைப் போடும். அளவு சரியா வரும்."

ஃபோனை அணைத்து வைத்தேன்.

ஏப்ரல் 29, வெள்ளி

விடிய மூடுபனி. அப்பா எழும்பி சவரம் செய்துகொண்டார், தாடையில் ஒரு பக்கம் விட்டுப்போயிற்று. "எந்த ஆஸ்பத்திரிக்குப் போறோம்?" என்று தானாகவே கேட்டார்.

இரண்டு கண்ணிலும் படலம். ஆபரேஷன் செய்தால் சரியாகும் என்றார் டொக்டர். அதுவரை லொறி கூடாது. திரும்பும் வழியில் முதலாளியின் கடைக்குள் தனியாகப் போய்ச் சாவியைக் கொடுத்துவிட்டு வந்தார். பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பியே இருந்தார்.

குகனுக்கு எழுதினேன்: அப்பாவை விட மாட்டேன். ஆளுக்கு ஆள் மாறுகிறதுதான். வெளிச்சத்தோடு பார்க்கிற ஆளையும் சேர்த்து அளக்கிறது முகம். வேறு எந்த அளவு அப்படி அளக்கும்? எங்கள் வீட்டில் யாரும் காணாததை அது கண்டுபிடித்துவிட்டது.

அவன்: "ஓம். உதை நான் யோசிக்கேல்ல. அப்பாவைக் கவனமாப் பாரும்."

அந்திக்கு கரண்ட் போயிற்று. அப்பா கதிரையில். நான் வெறுங்காலோடு போனேன். மூச்சுக் காட்டவில்லை. தாள் இல்லாமல் டோர்ச்சை என் முகத்துக்கே பிடித்தேன்.

ஒரு கை தூரம். இல்லை.
அரைக் கை. இல்லை.
குனிந்தேன், இன்னும் கிட்ட, மூக்கு இடிக்கிற அளவுக்கு.

அப்பா கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். நிறைய நேரம்.

"அட, சின்னவளே," என்றார். "ஏன்டி அழுத?"