அப்பா அழித்த பருக்கள்

ஜனவரி 9

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே என்னை வாசலில் நிறுத்திவிட்டார்கள். காவலாளி அடையாள அட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இது உங்க தங்கச்சியாம்மா?" என்றார். பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள்.

அட்டையில் இருப்பது நம் ஸ்டுடியோவில் எடுத்த படம்தான். என் பருக்களை நீங்கள்தான் கணினியில் அழித்தீர்கள். படம் எடுக்க வருகிறவர்களுக்குச் செய்யுங்கள், பெற்ற மகளுக்குமா? உங்களுக்கே பிடிக்காத முகம் வேறு யாருக்குப் பிடிக்கும்? இந்த முகம் சரியாகும்வரை நான் வீட்டுக்கு வரப்போவதில்லை.

உங்கள் மகள்

ஜனவரி 17

என் தங்கத்துக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு அம்மா என்னை ஒரு பிடி பிடித்துவிட்டாள். அவள் திட்டியதில் பாதிகூட நீ திட்டவில்லை.

தப்பு என்னுடையதுதான். பள்ளிக்கூடப் படத்தைப் பார்த்து ஒருநாள் அழுதாயே, அன்றிலிருந்து திரையில் நீ வந்தாலே என் கை தானாக அழிக்கப் போய்விடும். உன் முகம் பிடிக்காமல் இல்லையம்மா. நீ அழுவதைத்தான் தாங்க முடியவில்லை. படத்தைத் திருத்தத் தெரிந்த எனக்கு, உன்னை ஒரு டாக்டரிடம் கூட்டிப்போகத் தோன்றவில்லை பார். இப்போதாவது தோல் டாக்டரிடம் போ. பற்பசை தடவு, எலுமிச்சை தேய் என்று அத்தை சொன்னால் தலையை மட்டும் ஆட்டிவை.

அன்புடன்,
அப்பா

ஏப்ரல் 28

அன்புள்ள அப்பாவுக்கு,

நீங்கள் சொல்லித்தான் போனேன். டாக்டரம்மா முதலில் கேட்டதே, "ஒரு நாளைக்கு எத்தனை தடவை சோப்பு போடுறீங்க?"

"ஏழு."

"பாத்திரத்தைக்கூட யாரும் அப்படித் தேய்க்க மாட்டாங்க. ரெண்டு தடவை போதும். இது அழுக்கால வர்றது இல்ல. தோல்ல எண்ணெய் அதிகமா சுரந்து துவாரம் அடைச்சுக்குது, உள்ள கிருமி பெருகி வீங்குது. உங்க தப்பு ஒண்ணுமில்ல."

கடைசி வார்த்தையைக் கேட்டதும் அங்கேயே அழுதுவிட்டேன்.

அவர் எழுதிக்கொடுத்தது: இரவில் பட்டாணி அளவு ஜெல், பருவில் மட்டுமல்ல, முகம் முழுக்க. பகலில் வெயிலுக்கு ஒரு கிரீம். கிள்ளவே கூடாது. முதல் மாதம் எரிந்து தோல் உரிந்தது. தூக்கி எறியப் பார்த்தேன். அவர் ஒருநாள் விட்டு ஒருநாள் போடச் சொன்னார். "மூணு மாசமாவது பொறுங்க" என்றார். பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்தேன். இப்போது பாதிக்குமேல் அடங்கிவிட்டது. தாடையில் நாலைந்து இருக்கின்றன, கன்னத்தில் கறையும் இருக்கிறது.

தப்பு என்னுடையது என்று மகளுக்கு எழுதுகிற அப்பா எத்தனை பேருக்குக் கிடைப்பார்? அதற்கு நன்றி சொல்லத்தான் உட்கார்ந்தேன். முகம் முழுதாகத் தெளிய இன்னும் சில மாதம் ஆகுமாம். அதுவரை உங்களைப் பார்க்காமல் என்னால் இருக்க முடியாது. வெள்ளிக்கிழமை வருகிறேன்.

உங்கள் மகள்