மேற்படி பூமிநாதன், நீலாம்பரி ராகம்

1975 ஜனவரி 6

நீண்ட ஆலோசனைக்குப் பிறகு இன்று காலை பத்தே முக்காலுக்கு முகாரியைக் கைவிட்டு நீலாம்பரிக்கு மாறினேன். அரசாங்க விசாரணை அறிக்கைக்கு ஏற்றது தாலாட்டு ராகம்தான். பள்ளிக்கூடப் பாட்டு வாத்தியாரின் முடிவை உலகுக்கு அறிவிக்க ஏற்பாடு எதுவும் இல்லாததால் மனைவியிடம் சொன்னேன்.

"சாமி மேல பாட்டுக் கட்டுறத விட்டுட்டு சர்க்கார் மேல கட்டுறீக. வேலை நிக்குமா?" என்றாள் சௌந்தரம்.

கேள்விக்கும் ராகத்துக்கும் சம்பந்தமில்லை. 

ஜனவரி 9

அறிக்கை எங்கள் தெரு மாயக்காளின் புருஷன் பூமிநாதனைப் பற்றியது. திருச்சுழிப் பக்கம் பஞ்ச நிவாரணத்துக்குக் கண்மாய் வெட்டும்போது விழுந்து செத்தான். போன மாதம் நகலோடு வந்து, "படிச்சுக் காட்டுங்கய்யா" என்றாள். படித்தேன்: 'மேற்படி பூமிநாதன் இயல்பிலேயே மெலிந்தவர். பட்டினியால் இறக்கவில்லை.'

"இன்னொருக்கா படிங்க."

நான்கு முறை படித்தேன். நான்காவது முறை குரல் தானாக இழுத்தது.

"என்னையத் தூக்கிட்டு ஓடைய தாண்டுன மனுசன்யா. மூணு நாளா வெறுந்தண்ணி. அத எழுதச் சொல்லுங்க."

எழுதச் சொல்ல நான் யார்? பாடத்தான் தெரியும்.

ஜனவரி 17

பாளையம்பட்டி பஸ்ஸில் ஜன்னலோரம். வெயிலில் கரிசல் காடு அலையடித்தது. வேலிக்கருவைகள் தரையைவிட்டு ஒரு முழம் மேலே நின்றன. சக்கரம் 'மெலிந்தவர், மெலிந்தவர்' என்று சுற்றியது. இறங்க வேண்டிய இடம் போனது எனக்குத் தெரியவில்லை. கண்டக்டருக்குத் தெரிந்தது.

ஜனவரி 20

பள்ளி ஆண்டு விழாவுக்குத் தலைமை, அறிக்கை எழுதிய அதிகாரியே. பயமா? ஆமா, பயந்தான். அவர் முன்னாலதான் இதப் பாடணும்.

பிப்ரவரி 1

பாடினேன். ஒரு சொல்லையும் மாற்றவில்லை. கீர்த்தனை கடைசியில் இயற்றியவர் முத்திரை வர வேண்டும்; சொற்கள் என்னுடையவை அல்லவே என்று அதிகாரியின் பதவியையும் அவர் கையெழுத்திட்ட தேதியையும் வைத்தேன். முன்வரிசையில் அவர் கண்ணை மூடித் தொடையில் தாளம் போட்டார். தன் நடை இத்தனை இனிமையா என்று அவருக்கே ஆச்சரியம்.

பிறகு நிரவல். 'இயல்பிலேயே மெலிந்தவர்' என்ற ஒரே வரி, திருப்பித் திருப்பி, விதவிதமாக. பந்தல் மெல்லக் கிளம்பி மிதப்பதுபோல் இருந்தது. பதினைந்தாவது முறை ஜனங்களின் விசிறிகள் நின்றன. இருபதாவது முறை அவர் கை நின்றது.

பின்வரிசையில் மாயக்காள் எழுந்தாள். "அவுகளப் பாத்துப் பாடுங்கய்யா!"

அவரைப் பார்த்தே பாடினேன்.

பிப்ரவரி 3

தொண்டை கட்டிவிட்டது. தலைமையாசிரியர் என்னோடு பேசவில்லை. என்னாலும் முடியவில்லை.

மார்ச் 11

விழாவில் கேட்ட ஜனங்கள் மனுப் போட்டதில் நடந்த மறு விசாரணை முடிந்தது. இறப்புப் பதிவேட்டில் காரணம் 'பட்டினி' என்று திருத்தி மாயக்காளுக்கு நகல் கொடுத்திருக்கிறார்கள்.

பள்ளிக்கூடத்தில் திங்களும் வியாழனும் நான்காவது பீரியட், பாட்டுக்குப் பதில் கணக்கு.