அக்காவின் ஒன்பதாவது படம்

4 மார்ச் 2025

பின்னேரம் இத்தாலியில் பலெர்மோவிலிருந்து ஆன்சலா அக்கா போன் எடுத்தாள்.

"கம்சா, முல்லைத்தீவுக் கரைக்குப் படம் எடுக்க வாறம். நான்தான் கதாநாயகி!"

கத்தியே விட்டேன். அக்கா பகலில் வீடுகள் துப்புரவு செய்துகொண்டு இதுவரை எட்டு இத்தாலியப் படங்களில் தலைகாட்டியிருக்கிறாள். தாதி, வேலைக்காரி, பஸ்ஸில் இருக்கும் பெண். எட்டிலும் சேர்த்துப் பேசியது நாலு வசனம். பலெர்மோவிலேயே அவளை ஒருவருக்கும் தெரியாது.

அப்பாவிடம் யார் சொல்வது? ஒருவனுக்கு மனைவியாக அவள் நடித்த காட்சியை யாரோ போனில் அனுப்பிய நாளிலிருந்து அவர் அவளோடு கதைப்பதில்லை. அது நடந்து ஐந்து வருடம்.

5 மார்ச்

நானே அப்பாவிடம் சொன்னேன். கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தவர் நிமிரவே இல்லை. "கடல் எல்லாருக்கும் பொது. எடுத்திட்டுப் போகட்டும்."

24 ஏப்ரல்

வந்துவிட்டாள்! நண்டுக்குழம்பு முழங்கை வரை வழிய வழியச் சாப்பிட்டாள். அம்மா அழுதுகொண்டே சோறு போட்டாள். அப்பா கடலுக்குப் போய்விட்டார் — வேண்டுமென்றே.

26 ஏப்ரல்

அக்கா நடிப்பதை முதன்முதலாக நேரில் பார்த்தேன். மணலில் நின்று கடலைப் பார்க்கிறாள், அவ்வளவுதான். எனக்கேன் அழுகை வந்தது?

அப்பாவும் படகு மறைவில் நின்று பார்த்தார். நான் கண்டதாகக் காட்டிக்கொள்ளவில்லை.

28 ஏப்ரல்

இதை இன்றைக்கே எழுதிவைக்கவேண்டும்.

தகப்பனாக நடிக்கக் கொழும்பிலிருந்து வந்தவருக்குக் காய்ச்சல், ஆஸ்பத்திரியில் போகவிடாமல் மறித்துவிட்டார்கள். இயக்குநர் அம்மணி கரையெல்லாம் பார்த்துவிட்டு, படகு இழுத்துக்கொண்டிருந்த அப்பாவைக் கைகாட்டினார். அம்மணிக்கு இத்தாலிய மொழிதான் வரும். அக்காதான் போய்ச் சொல்லவேண்டும்.

அக்கா மண்ணைப் பார்த்துக்கொண்டு, "அப்பா, உங்களை நடிக்கச் சொல்லிக் கேக்கினம்."

"நானோ?" ஐந்து வருடத்தில் முதல் வார்த்தை. "என்ன செய்யவேணும்?"

"வெளிநாட்டிலை இருந்து வாற மகளைப் பாக்கவேணும். கதைக்கத் தேவையில்லை."

கமெரா ஓடியது. அக்கா கரையால் நடந்து வந்தாள். அப்பா பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு —

"பிள்ளை, சாப்பிட்டனியோ?"

அக்கா அப்படியே அவர் நெஞ்சில் விழுந்தாள். நடிப்பா அது? இல்லை, இல்லவே இல்லை. இயக்குநர் நிறுத்தச் சொல்லவில்லை. அப்பா என்ன சொன்னார் என்று பிறகு அக்காவிடம் கேட்டு, அம்மணியும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அந்தக் காட்சி அப்படியே படத்தில் வருமாம்.

3 மே

அக்கா போய்விட்டாள். பஸ் வரை பெட்டியைத் தூக்கிப் போனது அப்பா. என்னைத் தொடவும் விடவில்லை.

14 டிசம்பர்

அக்கா போன் எடுத்தாள். படம் இத்தாலியில் ஒரு சின்ன விழாவில் ஓடியதாம். பரிசு கிடைக்கவில்லை. ஆனால் சனம் எழும்பி நின்று கைதட்டியதாம். நாளைக்கும் துப்புரவு வேலைதான் என்று சொல்லிவிட்டு அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். அடுத்த படத்துக்கு ஒருவர் அவளிடம் கதை சொல்லியிருக்கிறாராம்.

அதற்குமேல் கேட்கவில்லை. அப்பா போனைப் பறித்துவிட்டார்.

"பிள்ளை, அந்தக் கதையிலை தகப்பன் உயிரோடை இருக்கிறானோ? கேட்டுச் சொல்லு."