மறுகாலில் ஏறும் மீன்

ஐப்பசி, ஞாயிறு இரவு.

அடுப்படியில் இருந்தது என் வீட்டுக்காரர், என் தம்பி, நான். வேறு யாரும் இல்லை.

தம்பி குத்தகை எடுத்த மேல்குளம் நிரம்பி, மிஞ்சிய தண்ணீர் மறுகால் ஓடை வழியாக எங்கள் கீழ்குளத்துக்குப் பாய்கிறது. அந்தத் தண்ணீரை எதிர்த்து எங்கள் கீழ்குளத்து மீன்கள் முட்டையிட மேலே ஏறுகின்றன. இவர் ஓடைக்குக் குறுக்கே வலை கட்டிவிட்டார்.

“அத்தான், ரெண்டு நாளைக்கு வலையை எடுங்க. அம்புட்டும் சினை மீனு. அது முட்டையிட்டாத்தான அடுத்த வருசம் ரெண்டு குளத்துலயும் மீனு கெடக்கும்” என்றான் தம்பி.

“என் குளத்து மீனு ஒன் குளத்துக்கு விருந்துக்குப் போகணுமோ, மாப்ளே? சரி, ஒங்க அக்கா சொல்லட்டும். இப்பமே எடுக்கேன்” என்று இவர் சிரித்தார்.

இருவரும் என்னைப் பார்த்தார்கள். நான் அறுத்துக்கொண்டிருந்த கெண்டையின் வயிறு முழுக்க முட்டை. எடுங்கள் என்றால் பிறந்த வீட்டுக்குப் பரிந்தவள் ஆவேன். மீனுக்காகத்தான் சொல்கிறேன் என்றால் இவர் நம்புவாரா? புளி கரைக்கத் திரும்பிக்கொண்டேன். தம்பி சாப்பிடாமலே போய்விட்டான்.

படுக்கும்போதும் இவர் விடவில்லை. “காலைல சொல்லுட்டி, வலையை எடுக்கவா, வேண்டாமா?”

கோமதித் தாயே, நான் என்ன சொல்லட்டும்? இவர் எழுந்திருக்குமுன் எனக்கு ஒரு பதில் சொல்லிவிடு.